கை நீட்டாத ஒரு கணக்கு

காலை ஏழே முக்கால் மணிக்கு அந்தக் கட்டடத் தளத்தின் வாக்கிடாக்கிகளில் கேட்கும் முதல் குரல் அவளுடையது.

“அண்ணா, முதல் லோடு. அம்பத்து மூணு புள்ளி ஒண்ணு. தூரம் நாப்பது.”

எண்பது மீட்டர் உயரத்திலிருந்து பதில் வரும். “அம்பத்து மூணு புள்ளி ஒண்ணு, நாப்பது. ஒரு குட் மார்னிங் சொன்னா குறைஞ்சா போயிடுவே?”

“அது தாள்ல இல்லண்ணா.”

தளத்தில் நானூறு பேர் வேலை செய்தார்கள். முக்கால்வாசிப் பேருக்கு அவள் பெயர் தெரியாது. டிகிரி என்றால் தெரியும். நாள் முழுக்க டிகிரி சொல்லிக்கொண்டிருப்பதால் டிகிரி. மேலே டவர் கிரேனின் கண்ணாடிக் கூண்டில் உட்கார்ந்து அதைக் கேட்டு நடப்பவருக்கு மேல்மாடி என்று பெயர். “எல்லாருக்கும் மேல்மாடி காலி. இந்த சைட்டுல மட்டும்தான் அங்க ஆள் இருக்கு” என்று அவரே சொல்லிக்கொள்வார். அவருக்கு வயது ஐம்பது. அவளுக்கு முப்பத்து நான்கு.

அவள் வேலை என்னவென்றால், வரைபடம் பேசுவதைக் கிரேனுக்குப் புரியும்படி மாற்றிச் சொல்வது.

வரைபடம் தளத்தின் தென்மேற்கு மூலையில் ஓர் ஆணி அடித்துக்கொண்டு, அங்கிருந்து ஒவ்வொரு தூணுக்கும் இரண்டு எண் கொடுக்கும். கிழக்கே இத்தனை மீட்டர், வடக்கே இத்தனை மீட்டர். கட்டம் போட்ட நோட்டுப் புத்தகம் மாதிரி எல்லாம் நேர்க்கோடு. கிரேனுக்கு அந்தக் கட்டமெல்லாம் பிடிபடாது. ஒற்றைக் காலில் நிற்கிற பிராணி அது. ஒரு பக்கம் அறுபது மீட்டர் நீளக் கை, அதற்கு நேர் எதிரே ஒரு குட்டை வால். பாரம் தூக்கும்போது கவிழ்ந்துவிடாமல் இருக்க வாலின் நுனியில் சாம்பல் நிறக் கான்கிரீட் கட்டைகள் தொங்கும். அதற்குத் தெரிந்தது இரண்டே காரியம். நின்ற இடத்திலேயே திரும்பும்; நீட்டிய கையில் கொக்கியை முன்னும் பின்னும் ஓட்டும். ஆகவே அதனிடம் எவ்வளவு திரும்ப வேண்டும், எவ்வளவு தூரம் ஓட்ட வேண்டும் என்று சொன்னால் போதும். வேறு எதையும் சொல்லிப் பயனில்லை.

மற்ற தளங்களில் கீழே ஒருவர் நின்று கை காட்டுவார். இங்கே கட்டடத்தின் நடுவே லிஃப்டுகளுக்கான சுவர்க்கூடு உயர்ந்து, பாதித் தளம் மேல்மாடியின் கண்ணுக்கு மறைந்துபோயிருந்தது. அதனால் அன்றன்று சாமான் இறக்க வேண்டிய அறுபது எழுபது இடங்களையும் முன்கூட்டியே கோணமும் தூரமுமாக மாற்றி ஒரு தாளில் எழுதிவிடுவது என்று ஏற்பாடு. அந்தத் தாள்தான் அவள் உத்தியோகம்.

கணக்கு பள்ளிக்கூடக் கணக்குதான். கிரேனின் கால் இருப்பது மூலை ஆணியிலிருந்து கிழக்கே நாற்பது, வடக்கே முப்பது மீட்டரில். ஒரு தூண் கிழக்கே அறுபத்து நான்கு, வடக்கே அறுபத்து இரண்டில் இருக்கிறது என்றால், கிரேனிலிருந்து பார்க்க அது கிழக்கே இருபத்து நான்கு, வடக்கே முப்பத்து இரண்டு. இரண்டையும் தனித்தனியே வர்க்கமாக்கிக் கூட்டி, வர்க்கமூலம் எடுத்தால் நாற்பது. அது தூரம். முப்பத்து இரண்டை இருபத்து நான்கால் வகுத்து, கால்குலேட்டரில் டேன் இன்வர்ஸ் அழுத்தினால் 53.1. அது கோணம். கிழக்கே கேட் இருக்கும் திசை சுழியம். அங்கிருந்து இடப்பக்கமாகத் திரும்பத் திரும்ப எண் ஏறும்.

இதில் ஒரே ஒரு குழி உண்டு. வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே அவள் அதில் விழுந்தாள்.

கிரேனுக்குத் தென்மேற்கே ஒரு தூண். கழித்துப் பார்த்தால் மைனஸ் இருபத்து நான்கு, மைனஸ் பதினெட்டு. தூரம் முப்பது, அதில் தப்பில்லை. ஆனால் பதினெட்டை இருபத்து நான்கால் வகுக்கும்போது இரண்டு மைனஸும் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு காணாமல் போய்விட்டன. கால்குலேட்டர் 36.9 என்று காட்டியது. அது வடகிழக்கு. நேர் எதிர்த்திசை. தூணுக்குப் போக வேண்டிய கம்பிக்கட்டு, தகரக் கழிப்பறையின் தலைக்கு மேல் போய் நின்று மெல்ல ஆடியது. உள்ளே சைட் மேனேஜர் இருந்தார்.

கூரையில் நிழல் விழுந்ததும் அவர் வெளியே வந்த வேகத்தைப் பற்றித் தளத்தில் இன்னமும் பேசுகிறார்கள்.

“கம்பியைத் தூக்கச் சொன்னா என்னைத் தூக்கப் பாக்குறியா?” என்று கேட்டார் அவளிடம். அவள் அழவில்லை. “ரெண்டும் மைனஸ் சார்” என்றாள். அவருக்கு அது தன்னைத் திட்டுவது போலப் பட்டது.

அன்றிலிருந்து அவள் தனக்கென்று ஒரு விதி வைத்துக்கொண்டாள். கால்குலேட்டரைத் தொடும் முன் எழுந்து நிற்பாள். வரைபடத்தைப் பார்த்து, தூண் எந்தப் பக்கமோ அந்தப் பக்கமாக வலது கையை நீட்டுவாள். பிறகுதான் உட்கார்ந்து கணக்கு. வந்த விடை நீட்டிய கைக்கு எதிராகக் காட்டினால் நூற்றெண்பது கூட்டிக்கொள்வாள். ஒரு நாளைக்கு அறுபது தடவை எழுந்து அறுபது தடவை கை நீட்டுவதைக் கன்டெய்னர் ஆபீஸின் ஜன்னல் வழியாகப் பார்ப்பவர்கள் கிண்டல் பண்ணாமல் இருப்பார்களா? “டிகிரி பஸ் நிறுத்துது பாரு” என்பார்கள். “எங்களையும் ஏத்திக்கச் சொல்லு” என்பார்கள். இரண்டு வருடத்தில் நாற்பதாயிரம் புள்ளி போல மாற்றியிருப்பாள். அந்தக் கழிப்பறைக்குப் பிறகு ஒன்று கூடத் தவறியதில்லை.

*

இருபத்திரண்டு வயதில் கல்யாணம். அப்போது ஓர் அச்சகத்தில் டைப் அடித்துக்கொண்டிருந்தாள். இருபத்தைந்தில் பெண் குழந்தை. சண்டை என்று சொல்லும்படி வீட்டில் எதுவும் நடக்கவில்லை. போகப் போகப் பேச்சு என்று சொல்லும்படியும் எதுவும் நடக்கவில்லை. மாலை வகுப்பில் கட்டட வரைபடம் படிக்கப் போனது, வீட்டைவிட்டு இரண்டு மணி நேரம் வெளியே இருக்கலாம் என்றுதான். படிப்பு பிடித்துப்போனது, அதுவே வேலையும் ஆனது. குழந்தைக்கு ஆறு வயதில் இருவரும் பிரிந்தார்கள்.

அவள் வேலை ஓர் இடத்தில் நிற்கிற வேலை இல்லை. ஒரு கட்டடம் முடிந்தால் அடுத்த ஊர். தங்குவது தளத்துக்குப் பின்னால் தகரக் கொட்டகையில், நாலு பெண்களோடு ஓர் அறை. கொட்டகையில் வைத்துக் குழந்தையை வளர்க்க முடியாது என்று கணவர் தரப்பில் சொன்னார்கள். அவள் ஒப்புக்கொண்டாள், ஏனென்றால் அது உண்மை. அதனால்தான் இந்த நகரத்தில் வேலை என்றதும் மற்ற இரண்டு அழைப்புகளை உதறிவிட்டு ஓடி வந்தாள். ஒரே ஊரில் இருக்கலாம். அவ்வளவுதான் ஆசை.

மாதத்தின் இரண்டாவது ஞாயிறு, நகர நூலகம், குழந்தைகள் பகுதி, பத்திலிருந்து ஒன்று வரை. இதுதான் அவளுக்குக் கிடைத்தது. குழந்தையை அழைத்து வருவது அதன் சித்தி, அவர் மறுமணம் செய்துகொண்ட பெண். அவள் பத்திரிகைகள் இருக்கும் பக்கம் போய், இவர்களுக்கு முதுகு காட்டி உட்கார்ந்துகொண்டு, மூன்று மணி நேரமும் திரும்பிப் பார்க்க மாட்டாள். இருவருக்கும் இடையே வணக்கம் தவிரப் பேச்சு கிடையாது. அந்த முதுகு காட்டலில் ஒரு மரியாதை இருப்பதாக டிகிரிக்குத் தோன்றும். ஆனால் அதையும் சொன்னதில்லை.

நாலு மாதம் முன்பு அவர்கள் ஊர் ஓரத்தில் புது வீட்டுக்குப் போனார்கள். அந்த வீட்டை அவள் பார்த்ததில்லை. போய்ப் பார்க்கக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை. போய் நின்றால் யாராக நிற்பது என்பது அவளுக்குத் தெரியவில்லை. கைப்பேசியின் வரைபடத்தில் விலாசத்தைப் போட்டு, இரண்டு விரலால் பெரிதாக்கிப் பெரிதாக்கித் திரை முழுக்க அந்தக் கூரை மட்டும் நிற்கும்படி வைத்துப் பார்ப்பாள். தினமும் பார்ப்பாள். கூரையும் கிரேனும் ஒரே படத்தில் தெரியும்படி அதைச் சுருக்கிப் பார்க்க வேண்டும் என்று ஒரு நாளும் தோன்றியதில்லை. சுருக்கினால் கூரை சின்னதாகிவிடுமே.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, படம் பார்த்துக்கொண்டிருந்த புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமலே குழந்தை சொன்னாள்:

“அம்மா, எங்க மாடியில இருந்து உன் கிரேன் தெரியுது.”

“என் கிரேனா? எப்படித் தெரியும் அது என்னுதுன்னு?”

“ஊர்லயே உயரமானது உன்னுதுன்னு நீதானே சொன்னே. சாயங்காலம் மாடிக்குப் போனா தெரியும். நீலத் தண்ணித் தொட்டி பக்கத்துல நின்னா இன்னும் நல்லாத் தெரியும். ஆனா நீ தெரிய மாட்டே.”

“நான் கீழே இல்ல இருக்கேன்.”

“மேல ஏற வேண்டியதுதானே?”

ஏற விட மாட்டார்கள். இயக்குபவரைத் தவிர வேறு யாரும் ஏறக் கூடாது என்பது சட்டம். இரண்டு தடவை கேட்டுப் பார்த்து, இரண்டு தடவையும் மேனேஜரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறாள். ஆனால் திரும்பும் வழியில் பஸ்ஸில் ஒன்று உறைத்தது. மகளுக்குக் கிரேன் தெரிந்தால், கிரேனுக்கும் அவள் தெரிவாள்.

*

புதன்கிழமை. கைப்பேசியில் அந்தக் கூரையின் மேல் விரலை அழுத்திப் பிடித்தபோது வந்த அட்சரேகை, தீர்க்கரேகை எண்களைத் தளத்து சர்வேயருக்கு அனுப்பினாள். அவர் அதைத் தளத்துக் கட்டத்தின் மீட்டர் கணக்கில் மாற்றி, எதற்கு என்று கூடக் கேட்காமல் திருப்பி அனுப்பினார். நல்ல மனிதர், அல்லது சோம்பேறி. டீ இடைவேளை முடிய ஆறு நிமிடம் இருந்தது. கன்டெய்னரில் யாரும் இல்லை.

கிரேனின் எண்களைக் கழித்தாள். மைனஸ் ஆயிரத்து எழுநூற்று நாற்பது. மைனஸ் ஆயிரத்து நூற்றுத் தொண்ணூறு. தூரம் இரண்டாயிரத்து நூற்றெட்டு மீட்டர். அந்த எண்ணையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். வெறும் இரண்டு கிலோமீட்டர். பஸ் இந்தத் தெரு அந்தத் தெரு என்று சுற்றி ஒரு மணி நேரம் எடுத்துக்கொள்ளும் ஊர் ஓரம், நேராகப் போனால் நடந்தே அரை மணி. இத்தனை பக்கத்திலா? பிறகு அவசரமாக வகுத்தாள். டேன் இன்வர்ஸ். 34.4.

எழுந்து நிற்கவில்லை. கை நீட்டவில்லை. வரைபடமே இல்லாமல் வெறும் எண்ணாக வந்த புள்ளி. எந்தப் பக்கம் நீட்டுவது என்று அவளுக்கே தெரியாது.

“அண்ணா, முப்பத்து நாலு புள்ளி நாலுல ரெண்டு கிலோமீட்டர் தள்ளி என்ன இருக்கு?”

“ரெண்டு கிலோமீட்டரா? அவ்வளவு நீளக் கை நமக்கு இல்லம்மா.”

“சும்மா பாருங்களேன். நீலத் தண்ணித் தொட்டி வச்ச மாடி.”

கொக்கியைப் பார்ப்பதற்காக அவரிடம் ஒரு பைனாகுலர் இருந்தது. அதை எடுத்துத் தேடினார். “நீலத் தொட்டியா? ம்... இருக்கு. இருக்கும்மா. கொடியில துணி காயுது. யாரு வீடு?”

“என் பொண்ணு வீடு.”

அன்று மாலை நாலே முக்காலுக்கு, கடைசி லோடை இறக்கிவிட்டு, மேல்மாடி தானாகவே கூப்பிட்டார்.

“டிகிரி. மாடியில ஒரு பாப்பா. ஒன்பது பத்து வயசு இருக்கும். ஸ்கிப்பிங் ஆடுது.”

இப்படி ஐந்து வாரம். தினமும் நாலே முக்காலுக்கு ஒரு செய்தி. இன்னிக்கு மஞ்சள் சட்டை. இன்னிக்கு சுவர்ல சாஞ்சு எதையோ படிக்குது. இன்னிக்கு நூறு வரைக்கும் நிக்காம ஆடுச்சும்மா, நான் எண்ணினேன். மேற்கு வெயில் முழுக்க அந்த மாடி மேல விழுது, பளிச்சுன்னு தெரியுது. மழை வந்த நாளில், “ஓடிப்போயிடுச்சு, நனையல” என்று மட்டும் சொன்னார். அவள் அன்றைய தாளின் ஓரத்தில், கோணங்களுக்கும் தூரங்களுக்கும் பக்கத்தில், அதைச் சின்னதாகக் குறித்துவைப்பாள். மஞ்சள். படிப்பு. நூறு. நனையவில்லை.

அடுத்த இரண்டாவது ஞாயிற்றுக்கிழமைக்கு மரப்பிடி போட்ட ஒரு ஸ்கிப்பிங் கயிறு வாங்கிப் போனாள்.

குழந்தை அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். “எனக்கு ஆடத் தெரியாதேம்மா.”

“தெரியாதா?”

“தெரியாது. காலு மாட்டிக்கும்.”

அவள் சிரித்து வைத்தாள். ஆனால் அந்தப் பதில் முள்ளாகத் தைத்தது. நூறு வரைக்கும் ஆடுகிற குழந்தை ஏன் மறைக்கிறாள்? அந்த வீட்டில் நடப்பது அந்த வீட்டோடு. அம்மாவிடம் சொல்ல வேண்டாம் என்று அதுவாகவே ஒரு சுவர் வைத்துக்கொண்டதா? கேட்கவும் முடியாது. கேட்டால், எப்படித் தெரியும் என்று குழந்தை கேட்பாள். தன்னை ஒருவர் பைனாகுலரில் பார்க்கிறார் என்று தெரிந்தால் மாடிக்கே வர மாட்டாளோ என்று பயம்.

வேறு பேச்சுக்குத் தாவினாள். “வர்ற சனிக்கிழமை கிரேனைக் கழட்டுறாங்க கண்ணு. கட்டடம் முடிஞ்சாச்சு.”

“அப்புறம் உன் கிரேன் தெரியாதா?”

“தெரியாது. அதனால ஒண்ணு செய்யலாம். வெள்ளிக்கிழமை சாயங்காலம் அஞ்சு மணிக்குப் பத்து நிமிஷம் முன்னாடி மாடிக்குப் போ. கை திரும்பும். உன்னைப் பாத்து நிக்கும்.”

“எப்படித் தெரியும் என்னைத்தான் பாக்குதுன்னு?”

“பக்கவாட்டுல நிக்கிற வரைக்கும் கை நீளமாத் தெரியும். உன் பக்கம் நேரா திரும்பிடுச்சுன்னா கையே காணாம போயிடும். ஒரு புள்ளி மாதிரி ஆயிடும். அதுக்குக் கீழ ஆரஞ்சு கலர்ல கான்கிரீட் வாளி தொங்கும்.” தன் கையை நீட்டி, சுட்டு விரலைக் குழந்தையின் மூக்குக்கு நேரே கொண்டுவந்து காட்டினாள். “இப்ப என் கை நீளமாத் தெரியுதா?”

“இல்ல. விரல்தான் தெரியுது.”

“அப்படித்தான்.”

பத்திரிகைப் பக்கம் திரும்பியிருந்த முதுகு ஒரு முறை அசைந்து அடங்கியது.

*

வெள்ளிக்கிழமைத் தாளின் கடைசி வரியை மேனேஜர் பார்த்துவிட்டார். “முப்பத்து நாலு புள்ளி நாலு, முப்பது, காலி வாளி. இது எந்தத் தூண்?”

“தூண் இல்ல சார். ஒரு பத்து நிமிஷம். மேல்மாடி அண்ணாகிட்ட சொல்லியிருக்கேன்.”

அவர் தாடையைச் சொறிந்தார். “முப்பத்து நாலு, முப்பது... என் கழிப்பறைப் பக்கமாச்சே. சரி. அஞ்சு மணி வரைக்கும் நான் அடக்கிக்கிறேன்.”

கன்டெய்னரே சிரித்தது. அவளும் சிரித்தாள். அந்தச் சிரிப்பில், அவர் சொன்னது காதில் விழுந்தும் மண்டையில் ஏறவில்லை.

பத்து நிமிடம் என்பது சும்மா சொன்ன கணக்கு இல்லை. ஐந்து மணிக்குச் சங்கு ஊதினால் மேல்மாடி கிரேனின் பிரேக்கை விடுவித்துவிட வேண்டும். ஆள் இல்லாத நேரத்தில் கிரேனைப் பிடித்துக் கட்டி வைக்கக் கூடாது. காற்று அடிக்கிற பக்கம் அது தானாகத் திரும்பிக்கொள்ளும். காற்று பலமானால் ஐந்து மணிக்கு முன்பே விட்டுவிட வேண்டும்.

நாலு ஐம்பதுக்கு அவள் கிரேனின் காலடியில் நின்றாள். ஒரு கையில் வாக்கிடாக்கி. ஒரு கையில் கைப்பேசி. சித்தியின் எண்ணிலிருந்து அழைப்பு வந்து, குழந்தையின் மூச்சு கேட்டுக்கொண்டிருந்தது. படி ஏறி வந்த மூச்சு.

மேலே கை மெல்லத் திரும்பியது. நின்றது.

“நின்னாச்சும்மா” என்றது வாக்கிடாக்கி. “முப்பத்து நாலு புள்ளி நாலு. வாளி முப்பதுல.”

“இருக்காளா?”

“இருக்கு. மாடியில தனியா நிக்குது. கிரேனையே பாக்குது... அட! கையாட்டுதும்மா! ரெண்டு கையையும் தூக்கி ஆட்டுது!”

கைப்பேசியைக் காதில் இன்னும் அழுத்தினாள். “கண்ணு, தெரியுதா? கை காணாம போச்சா?”

“போச்சும்மா. ஆனா வாளி இல்ல.”

“ஆரஞ்சு கலர். நல்லாப் பாரு.”

“நல்லாத்தான் பாக்குறேன். ஆரஞ்சே இல்ல. சாம்பல் கலர்ல குண்டா என்னமோ தொங்குது. கல்லு மாதிரி.”

“நீ... நீ இப்ப கையாட்டுறியா?”

“எப்படிம்மா ஆட்டறது? ஒரு கையில போன். இன்னொரு கையைச் சித்தி புடிச்சிருக்காங்க. சுவர் ஓரம் போகக் கூடாதாம்.”

வாக்கிடாக்கியில் மேல்மாடி இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார். “விடாம ஆட்டுதும்மா!”

அவள் தலையைத் தூக்கிப் பார்த்தாள். நீண்ட கை வடகிழக்கே, கழிப்பறைத் தகரத்துக்கு மேலே போயிருந்தது. எதிரே தென்மேற்கில் வால். வாலின் நுனியில் சாம்பல் கட்டைகள். மைனஸ் ஆயிரத்து எழுநூற்று நாற்பது. மைனஸ் ஆயிரத்து நூற்றுத் தொண்ணூறு. ரெண்டும் மைனஸ் சார்.

ஐந்து வாரமாகத் தன் மகளுக்கு முதுகைத் திருப்பி வைத்துக்கொண்டு, யாரோ ஒரு குழந்தையைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

“அண்ணா. நூத்தி எண்பது கூட்டுங்க.”

“என்னது?”

“நூத்தி எண்பது கூட்டுங்கண்ணா! இருநூத்திப் பதினாலு புள்ளி நாலு!”

“அது நேர் எதிர்ப்பக்கமாச்சே. பாப்பா இங்க இன்னும் கையாட்டிக்கிட்டு...”

“அது என் பொண்ணு இல்லண்ணா.”

மேல்மாடி வேலைக் குரலுக்கு மாறினார். “இருநூத்திப் பதினாலு புள்ளி நாலு. முப்பது. திரும்புது. காத்து ஏறுதும்மா, மெதுவாத்தான் வரும்.”

மணி நாலு ஐம்பத்து நாலு. வாளி தொங்கும்போது வேகமாகத் திருப்ப முடியாது, ஊசலாடும். அவளுக்குக் கணக்குத் தேவைப்படவில்லை. வால் இருந்த பக்கத்தைப் பார்த்தாள். தளத்தைச் சுற்றிய தகர வேலி, அதற்கு மேல் ஒரு மரத்தின் தலை, அதற்கு மேல் வெயில். வாக்கிடாக்கியை இடுப்பில் செருகிவிட்டு வலது கையை அந்தப் பக்கமாக நீட்டினாள். இந்த ஊருக்கு வந்து இரண்டு வருடத்தில், மகள் எந்தப் பக்கம் இருக்கிறாள் என்று முதல் தடவையாக அவள் உடம்புக்குத் தெரிந்தது.

“அம்மா, கை நீளமாவுது!” என்றாள் குழந்தை. “ரொம்ப நீளமாயிடுச்சு... இப்பக் குறையுது... குறையுது...”

“பாத்துக்கிட்டே இரு.”

“வாளி! வாளி வந்துடுச்சும்மா! ஆரஞ்சு! கை போயிடுச்சு, புள்ளி ஆயிடுச்சு!”

“உன்னைத்தான் பாக்குது.”

“தெரியுது.”

இடுப்பில் மேல்மாடியின் குரல் கரகரத்தது. “சூரியன் நேரா கண்ணுல அடிக்குதும்மா. ஒண்ணுமே தெரியல. நீலத் தொட்டியே எட்டுப் பத்து இருக்கும் போல. எதுன்னு...”

“விடுங்கண்ணா. அவளுக்குத் தெரியுது.”

அவர் கண்ணுக்கு அந்த மாடி கிடைக்கவில்லை. ஆகவே அவளுக்கும் கிடைக்கவில்லை. என்ன சட்டை போட்டிருக்கிறாள் என்று கேட்கலாமா என்று நினைத்தாள். வாயில் வந்தது வேறு.

“கண்ணு, அந்த ஸ்கிப்பிங் கயிறு... ஆடத் தெரியாதுன்னு சொன்னியே. நிஜமாவே தெரியாதா?”

“தெரியாதுன்னுதான் சொன்னேனே. இப்பதான் கத்துக்கறேன். நாலு வரைக்கும் வரும்.”

“நாலா?”

“அஞ்சாவதுல காலு மாட்டிக்குது.”

நாலு. அவள் தாளில் குறித்து வைத்த நூறு யாருடையதோ. இந்த நாலு அவளுடையது.

சங்கு ஊதியது. மேலே பிரேக் விடுபடும் சத்தம் இரும்புக்குள் ஓடிக் கீழே வந்தது. காற்று கையைத் தொட்டுத் தள்ளியது. முதலில் தயங்கி, பிறகு தயங்காமல் அது நகர்ந்தது.

“அம்மா, கை மறுபடி நீளமாவுது.”

“காத்து தள்ளுது. இனிமே அது இஷ்டம்.”

“நீ எங்க நிக்கிறே?”

“அதோட காலடியில.”

“அங்க வீடெல்லாம் மறைக்குது. தெரியல.”

“தெரியாது. ஆனா நிக்கிறேன்.”

போனில் கைமாறும் சத்தம். வணக்கம் தவிர வேறு எதுவும் பேசாத அந்தக் குரல், தாழ்வாக: “அவ இன்னும் பாத்துக்கிட்டு இருக்கா. நீங்க வைக்காதீங்க. இருங்க.”

அவள் இருந்தாள். மாடியில் அடித்த காற்று போனில் கேட்டது. அதே காற்றுதான் இங்கேயும். கிரேன் முழுசாகத் திரும்பி முடிக்கும்வரை மூவரும் அப்படியே இருந்தார்கள்.

மேல்மாடி ஏணியில் இறங்கி வரக் கால் மணி நேரம் ஆயிற்று. கையுறையைக் கழற்றிக்கொண்டே அவள் முகத்தைப் பார்க்காமல் கேட்டார்:

“அப்ப இத்தனை நாளா நான் பாத்தது?”

“யாரோட பொண்ணோண்ணா.”

“கணக்குல தப்பா?”

“கணக்குல இல்ல. கை நீட்டல.”

அவர் தலையை ஆட்டினார். அதற்கு மேல் விளக்கம் அந்தத் தளத்தில் யாருக்கும் தேவையில்லை.

“நல்லா ஆடும்மா அது. நாளைக்கு வந்து பாத்தா கிரேனே இருக்காது. என்ன நினைக்கும்?”

அவள் தலையைத் தூக்கி வடகிழக்குப் பக்கம் பார்த்தாள்.

சனிக்கிழமை கிரேனைக் கழற்றுகிறவர்கள் எட்டு மணிக்கு வருவதாக இருந்தது. தாளுக்கு வேலையே இல்லை. ஆனாலும் ஏழே முக்காலுக்கு அவள் கன்டெய்னரில் எழுந்து நின்றாள். தென்மேற்கே கை நீட்டினாள். நீட்டிய கையை இறக்காமலே மற்ற கையால் வாக்கிடாக்கியை எடுத்தாள்.

“அண்ணா. இருநூத்திப் பதினாலு புள்ளி நாலு. தூரம் ரெண்டாயிரத்து நூத்தி எட்டு.”

“அவ்வளவு நீளக் கை நமக்கு இல்லம்மா” என்றார். ஆனால் கை ஏற்கெனவே திரும்ப ஆரம்பித்திருந்தது. “இப்ப சூரியன் முதுகுப் பக்கம். நல்லாத் தெரியும். இரு... நீலத் தொட்டி. பக்கத்துல கொடி. ஆள் இல்லம்மா.”

“சனிக்கிழமை. தூங்குவா.”

“கொடியில துணி இருக்கு. சின்னதா ஒண்ணு பச்சையில.”

“சின்னதுன்னா?”

“ஒன்பது வயசு அளவு.”

அவள் தாளில் எழுதிக்கொண்டாள். பச்சை.

கேட்டில் லாரி வந்து ஹாரன் அடித்தது. கழற்றுகிறவர்கள் வந்துவிட்டார்கள். மேனேஜர் கீழே சத்தம் போட ஆரம்பித்தார்.

“அவ்வளவுதாண்ணா. கீழ கூப்பிடுறாங்க.”

“ஒரு நிமிஷம் சமாளிம்மா” என்றார் மேல்மாடி. “முப்பத்து நாலுக்கும் ஒரு தடவை திரும்பிட்டு வந்துடறேன். அந்தப் பாப்பாகிட்டயும் சொல்லிக்கணுமில்ல.”